தெய்வமா, பொறியா? காலத்தை வழிபடும் சமயம் குறித்த ஒரு நெடுங்கேள்வி

தமிழில் காலம் என்பதற்கும் காலன் என்பதற்கும் ஈற்றெழுத்து ஒன்றே வேறு. முன்னது கடந்து செல்வது. பின்னவன் உயிர் கொள்ள வருபவன். தொல்காப்பியச் சொல்லதிகாரத்தின் கிளவியாக்கத்தில், உயர்திணையைச் சுட்டினாலும் அஃறிணை முடிபையே ஏற்கும் சொற்களுக்கு ஒரு பட்டியல் உண்டு. உலகம், உயிர், உடம்பு, தெய்வம், ஞாயிறு, திங்கள் முதலியவற்றோடு காலமும் அதில் இடம்பெறுகிறது. காலத்தைத் தெய்வமாகக் கொள்பவரும் ‘காலம் வந்தது’ என்றுதான் சொல்கிறார். அந்த நூற்பா தத்துவம் பேசவில்லை. சொல் முடிபை வரையறுப்பதோடு நின்றுவிடுகிறது. ஆனாலும் காலத்தை ‘யார்’ என்று கேட்பதா, ‘எது’ என்று கேட்பதா என்ற தயக்கம் அதில் பதிவாகியிருக்கிறது.

காலத்தைத் தெய்வப் பொறியாக வழிபடும் ஒரு சமயத்தைப் புனைகதையாளர்கள் பலமுறை கற்பனை செய்திருக்கிறார்கள். பல்சக்கரங்களால் ஆன கடவுள், மணிக்கூண்டே கோயில், ஊசலின் அசைவே மந்திரம். இந்தக் கற்பனைக்குள் இரண்டு கூற்றுகள் ஒட்டிக்கொண்டிருக்கின்றன: காலம் தெய்வம் என்பது ஒன்று, காலம் பொறி என்பது மற்றொன்று. தனித்தனியே பார்த்தால் இரண்டுமே பழையவை. இரண்டும் ஒரே வழிபாட்டில் உண்மையாகவே சேர்ந்ததுண்டா, சேர முடியுமா என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

காலமே முதற்காரணம் என்றோர்

அதர்வ வேதத்தின் 19ஆம் காண்டத்தில் 53, 54ஆம் பாடல்கள் காலத்தைப் போற்றுபவை. அங்கே காலம் ஏழு கடிவாளங்களும் ஆயிரம் கண்களும் உடைய, மூப்பில்லாத குதிரை. உலகங்கள் யாவும் அதன் சக்கரங்கள். பிரஜாபதிக்கும் தந்தையாகக் காலம் சொல்லப்படுகிறது. காலத்தை முழுமுதலாக உயர்த்தும் இந்தியக் கூற்றுகளில் இதைவிடத் துணிவானது அரிது. பிற்கால நூல்களிலும் இந்த நிலைப்பாட்டுக்கு ஆள் இருந்திருக்கிறது. கௌடபாதரின் மாண்டூக்கிய காரிகை, உயிர்கள் காலத்திலிருந்தே தோன்றுகின்றன என்று கருதும் ‘காலசிந்தகர்’ என்ற சாராரைக் குறிப்பிடுகிறது. ஆனால் அவர்களுடைய நூல் எதுவும் நம் கைக்கு வரவில்லை. மறுப்பவர்கள் எழுதிவைத்ததைக் கொண்டுதான் அவர்களை அறிகிறோம்.

மறுப்புகளில் கூர்மையானது சுவேதாசுவதர உபநிடதத்தில் உள்ளது. காலம், இயல்பு, ஊழ், தற்செயல், பூதங்கள் என்று முதற்காரணமாகக்கூடியவற்றை அது வரிசைப்படுத்துகிறது. எதுவும் தனித்து நிற்காது என்று ஒதுக்குகிறது. பிறகு ஆரங்களையும் மறு ஆரங்களையும் எண்ணிக்கையோடு சொல்லி ஒரு பெருஞ்சக்கரத்தை வருணிக்கிறது. உறுப்புகளை எண்ணிச் சொல்லும் அந்த முறையில் பொறியின் சாயல் தெரிகிறது. எனினும் சக்கரத்தைச் சுழற்றுவது இறைவனின் மகிமையே என்று அந்நூல் முடிவாகச் சொல்லிவிடுகிறது. வைசேடிகர் வேறு வழியில் சென்றார்கள். முன்பு, பின்பு, ஒருங்கே, விரைவாக, மெதுவாக என்ற வழக்குகளிலிருந்து ஊகித்தறியப்படும் ஒரு திரவியமே காலம் என்றார்கள். எங்கும் பரந்த அப்பொருள் எல்லா நிகழ்வுக்கும் பொதுக்காரணம். எல்லாவற்றுக்கும் பொதுவான காரணம் எதையும் தனித்து விளக்காது என்பதே காலவாதத்தின் ஆழ்ந்த பலவீனமாகத் தோன்றுகிறது. மழை பெய்ததற்கும் பெய்யாததற்கும் காலமே காரணம் என்றால், மழையைப் பற்றி நாம் இன்னும் எதுவும் சொல்லிவிடவில்லை.

பாரசீகத்தின் சுர்வான் இந்த வரிசையில் அடுத்து நிற்பவர். கதை புகழ்பெற்றது. எல்லையற்ற காலமாகிய சுர்வான் மகன் வேண்டி ஆயிரம் ஆண்டுகள் வேள்வி செய்கிறார். இதனால் பயன் உண்டா என்று ஒரு கணம் ஐயுறுகிறார். வேள்வியிலிருந்து ஒளியின் இறைவன் ஓர்மஸ்தும், ஐயத்திலிருந்து இருளின் தலைவன் அக்ரிமனும் பிறக்கிறார்கள். 5ஆம் நூற்றாண்டு ஆர்மேனியரான எஸ்னிக் போன்ற கிறித்தவ எழுத்தாளர்களே இதைக் கண்டனத்துக்காக எழுதிவைத்தார்கள். ஆர். சி. ஸேனர் 1955இல் வெளியிட்ட விரிவான நூலில், சாசானியர் காலத்தில் சுர்வானியம் ஒரு தனிச் சமயப் போக்காக இருந்ததாக வாதிட்டார். அது தனிப் பிரிவாக இருந்திருக்க வேண்டியதில்லை, சரதுஷ்டிர சமயத்துக்குள் வழங்கிய படைப்புக் கதைகளில் ஒன்றாக இருந்திருக்கலாம் என்று ஷாவுல் ஷாகெட் பின்னர் மறுத்தார். சான்றுகளின் தன்மையை நோக்க, ஷாகெட்டின் எச்சரிக்கைக்கே கூடுதல் எடை இருப்பதாகப்படுகிறது.

எந்தப் பக்கம் நின்றாலும் ஒன்று தெளிவு. சுர்வான் வேள்வி செய்கிறார், ஐயுறுகிறார், மகனுக்காக ஏங்குகிறார். ஐயம் ஒரு பொறிக்கு வராது. உரோமானிய மித்ரக் கோயில்களில் கிடைத்த, பாம்பு சுற்றிய சிங்கத்தலை உருவத்தை எல்லையற்ற காலத்தின் வடிவம் என்று பிரான்ஸ் குமோன் அடையாளம் காட்டினார். அந்த அடையாளமும் இன்று ஐயத்துக்குரியதாகவே உள்ளது. அதை ஏற்றுக்கொண்டாலும், நம் முன் நிற்பது உயிருள்ள, அச்சமூட்டும் உடல்.

சக்கரம் என்ற சொல்லின் மயக்கம்

‘காலச்சக்கரம்’ என்ற சொல்லைக் கேட்டதும் பொறியை நினைப்பது எளிது. 11ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் உருவம் பெற்ற பௌத்த காலச்சக்கர தந்திரம் அந்த நினைப்புக்கு மிக அருகில் வருகிறது. திபெத்தியரின் அறுபதாண்டுச் சுற்று 1027ஆம் ஆண்டிலிருந்து எண்ணப்படுவது இம்மரபின் வழியேதான். மரபுவழி நம்பிக்கையில் புத்தர் இதை உபதேசித்த இடம் ஆந்திரத்தின் தான்யகடகம், இன்றைய அமராவதி. தலாய் லாமா 2006 ஜனவரியில் அங்கே காலச்சக்கர தீட்சை நடத்தினார். நூலின் முதற்பகுதி கோள்களின் கணக்கோடு போர்ப்பொறிகளையும் பேசுகிறது. புறத்தே சுழலும் வானும் அகத்தே ஓடும் மூச்சும் ஒரே எண்ணில் பொருந்துகின்றன: நாளொன்றுக்கு 21,600 மூச்சு. அறுபது நாழிகையால் வகுத்தால் நாழிகைக்கு 360.

இவ்வளவு நுட்பமான எண் ஒழுங்கு இருந்தும், அங்கே வழிபடப்படுவது அந்த ஒழுங்கு அல்ல. நான்கு முகமும் இருபத்து நான்கு கையும் உடைய காலச்சக்கரர் என்னும் தெய்வத்தைச் சாதகர் தியானிக்கிறார். தன்னைச் சுழற்றும் மூச்சின் ஓட்டத்திலிருந்து விடுபடுவதே அவருடைய நோக்கம். சக்கரம் இங்கே விடுதலைக்கான வரைபடம். அதற்கு முன் மண்டியிடுவதோ, அதன் ஓட்டத்துக்குத் தன்னை ஒப்புக்கொடுப்பதோ மரபின் இலக்காகத் தெரியவில்லை.

திருக்கடையூர் இதே திசையில் இன்னும் தெளிவான சான்று. மார்க்கண்டேயனுக்காகக் காலனை உதைத்த காலசங்கார மூர்த்தியின் தலம் அது. அறுபதாம் கலியாணத்துக்கும் எண்பதின் சதாபிஷேகத்துக்கும் குடும்பங்கள் அங்கே திரள்கின்றன. அவர்கள் வணங்குவது காலத்தை வென்றவரை. காலக் கணக்கிலிருந்து ஒருவருக்கு விலக்கு கிடைக்கும் என்ற நம்பிக்கையில்தான் அந்தச் சடங்கே நிற்கிறது. காலப்பொறிச் சமயத்துக்கு இதைவிட நேரெதிரான நிலை இருக்க முடியாது.

கடிகாரம் உவமையாக வந்தபோது

காலமும் விண்ணும் பொறியைப் போன்றவை என்ற எண்ணம் இயந்திரக் கடிகாரத்துக்கு முந்தியது. கிரேக்கத் தீவான ஆன்டிகிதெராவின் கடலடியில் மூழ்கிய கப்பலிலிருந்து 1901இல் கிடைத்த வெண்கலக் கருவியில் 30 பல்சக்கரங்கள் எஞ்சியுள்ளன. கோள் அசைவைக் காட்டும் இத்தகைய கருவியைச் சிசரோ அறிந்திருந்தார். அப்படியொன்றைக் கண்டால் அறிவுடையவர் செய்தது என்போமே, அது போலிசெய்யும் வானத்தைப் பற்றி மட்டும் ஏன் தயங்க வேண்டும் என்பது கி.மு. 45 அளவில் அவர் எழுதிய உரையாடலில் வரும் வாதம். இங்கேயே தெய்வத்தன்மை பொறியிலிருந்து பொறியைச் செய்தவரிடம் நகர்ந்துவிடுவதைக் கவனிக்கலாம்.

13ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஐரோப்பாவில் எடையால் இயங்கும் கடிகாரங்கள் வந்தன. நூறாண்டுக்குள் நிக்கோல் ஒரேம், ஒருவர் கடிகாரம் செய்து அதைத் தானே ஓடவிடுவதோடு வானத்தின் இயக்கத்தை ஒப்பிட்டார். ராபர்ட் பாயிலுக்கு இசுட்ராஸ்பூர்க் பேராலயத்தின் பெருங்கடிகாரம் உவமையானது. இவர்கள் எல்லோரையும்விட நம் கேள்விக்கு முக்கியமானவர் கெப்லர். விண்ணின் எந்திரத்தைத் தெய்வ உயிரியாகக் கருதுவதை விட்டுக் கடிகாரமாகக் காட்டுவதே தம் நோக்கம் என்று 1605ஆம் ஆண்டுக் கடிதம் ஒன்றில் எழுதினார். அதாவது, பொறி என்ற உவமை அவர் கையில் தெய்வத்தை வானிலிருந்து விலக்கும் கருவியாக இருந்தது. காலத்தையோ வானத்தையோ பொறி என்று சொன்ன அந்தக் கணமே அது வணங்கத்தக்கதாக இல்லாமல் போனது. வணக்கம் கடிகாரம் செய்தவருக்கு உரியதாயிற்று.

அந்தக் கடிகாரக்காரர் எவ்வளவு வேலை செய்கிறார் என்பதே அடுத்த சண்டை. 1715–16இல் நியூட்டனுக்காக வாதிட்ட கிளார்க்குடன் நடத்திய கடிதப் போரில் லைப்னிஸ், நியூட்டனின் கடவுள் தம் கடிகாரத்துக்கு அவ்வப்போது சாவி கொடுக்க வேண்டியவராகிறார் என்று குற்றம் சாட்டினார். கிளார்க்கின் மறுமொழியும் வலுவானது: அரசர் தலையிடாமலே எல்லாம் நடக்கும் அரசு என்றால், அவர் பெயரளவில்தான் அரசர். குறையில்லாத பொறி கடவுளை வேலையில்லாதவராக்குகிறது. குறையுள்ள பொறி அவரைத் திறமையில்லாதவராக்குகிறது. இந்த இடுக்கிலிருந்து கடிகார உவமை இன்றுவரை வெளியேறியதாகத் தெரியவில்லை.

மாயர்களுக்குச் சூட்டப்பட்ட சமயம்

காலத்தை வழிபட்ட நாகரிகம் ஒன்று உண்மையாகவே இருந்தது என்று 20ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை பல அறிஞர்கள் நம்பினார்கள். நடு அமெரிக்காவின் மாயர்களே அவர்கள். நம்புவதற்குக் காரணம் இருந்தது. செவ்வியல் கால மாயக் கற்றூண்களில் அப்போது படிக்க முடிந்தவை பெரும்பாலும் நாள் கணக்குகள்தான். 260 நாள் சுற்றும் 365 நாள் சுற்றும் இணைந்து 18,980 நாளில், அதாவது 52 ஆண்டில், தொடங்கிய இடத்துக்குத் திரும்புகின்றன. அதற்கு மேல் கி.மு. 3114இல் தொடங்கும் நெடுங்கணக்கு. மன்னர் பெயரோ போரோ அத்தூண்களில் இல்லை என்று எரிக் தாம்சன் கருதினார். வான்நோக்கும் பூசாரிகள் காலத்தின் ஓட்டத்தையே போற்றிக் கல்லில் வடித்தார்கள் என்ற சித்திரம் அவர் எழுத்தால் நிலைபெற்றது.

1960இல் தத்தியானா புரொஸ்கூரியாகோவ் அதைக் கவிழ்த்தார். பியெத்ராஸ் நெக்ராஸ் என்ற ஊரின் தூண்களைத் தொகுதிகளாகப் பிரித்துப் பார்த்தார். ஒவ்வொரு தொகுதியின் நாள்களும் ஒரு மனித ஆயுளுக்குள் அடங்கின. பிறப்பு, முடிசூட்டு, அடுத்தவரின் முடிசூட்டு. காலத்தின் தோத்திரமாக எண்ணப்பட்டவை அரசர்களின் வரலாறு. அதன் பின் எழுத்துகளைப் படிக்கப் படிக்க, தம் அரசுரிமையை நாள் கணக்கில் ஊன்றிக்கொண்ட மன்னர்களே கல்லிலிருந்து வெளிவந்தார்கள். அமைதியான காலப்பூசாரிகளின் நாடு அறிஞர்கள் புனைந்த ஒன்றாகவே முடிந்தது.

இன்னொரு புனைவு இன்னும் நம் பாடநூல்களில் இருக்கிறது. 260 பல் கொண்ட சக்கரமும் 365 பல் கொண்ட சக்கரமும் கோத்துச் சுழல்வதுபோல வரையப்படும் படம் அது. கணக்கை விளக்க அது நல்ல வழி. ஆனால் மாயர்களிடம் பல்சக்கரப் பொறி இருந்ததற்குச் சான்றில்லை, படம் நம்முடையது. மாயர்கள் தாமே வரைந்த உருவகம் வேறு. கோப்பான் என்ற மாய நகரின் தூண் ஒன்றில், காலப் பகுதிகளை நெற்றிப் பட்டையில் தொங்கும் சுமையாகத் தெய்வ உருவங்கள் தூக்கி நிற்கின்றன. ஒருவர் சுமையை இறக்க, அடுத்தவர் ஏற்க வேண்டும். களைப்பும் இளைப்பாறலும் கைமாற்றலும் உள்ள காலம் அது. தாம்சனே இந்தச் சுமைதூக்குவோரை அழகாக விளக்கியவர் என்பதையும் சொல்ல வேண்டும். அவருடைய முடிவு தவறியிருக்கலாம். அவருடைய கண் தவறவில்லை.

குவாத்தமாலாவின் மலைநாட்டில் கிசே மாயர்களிடையே 260 நாள் கணக்கு இன்றும் வழக்கில் உள்ளது. மொமோஸ்தெனாங்கோவில் நாள் கணிப்போரிடம் பயின்ற பார்பரா டெட்லாக் 1982இல் வெளியிட்ட நூல் அதை விரிவாகப் பதிவுசெய்தது. அங்கே ஒவ்வொரு நாளும் மரியாதையோடு விளிக்கப்படும் ஒருவர். அந்த நாளின் குணம் என்ன, அவரிடம் என்ன கேட்கலாம், எதைக் கேட்கக்கூடாது என்பதே கணிப்போரின் அறிவு. காலம் வழிபடப்படுகிறது என்று இன்று துணிந்து சொல்லக்கூடிய வாழும் மரபு இதுவே என்று எனக்குத் தோன்றுகிறது. அதில் காலம் பொறியாக இல்லை. பல முகங்களாக இருக்கிறது.

புனைந்த சமயங்களின் பக்கம்

காரல் கியூசாக் 2010இல் வெளியிட்ட நூல், தாம் புனையப்பட்டவை என்பதை மறைக்காத சமயங்களை ஆராய்ந்தது. ஹைன்லைனின் 1961ஆம் ஆண்டு நாவலிலிருந்து எழுந்த ‘அனைத்துலகத் திருச்சபை’ அவற்றில் ஒன்று. தோற்றத்தின் பழமை ஒரு சமயத்தின் உண்மைக்கு அளவுகோல் ஆகாது என்பது இவ்வகை ஆய்வின் பங்களிப்பு. எல்லாச் சமயமும் ஒரு நாள் புதிதாக இருந்ததுதான். இதன் பலவீனம், தொடங்குவதையும் நிலைப்பதையும் ஒன்றாக்கிவிடும் ஆபத்து. 2001 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் இங்கிலாந்திலும் வேல்சிலும் 3,90,127 பேர் தம் சமயம் ‘ஜெடாய்’ என்று எழுதினார்கள். அவர்களில் எத்தனை பேர் பிள்ளைக்குப் பெயர் வைக்கவும் இறந்தவரை அடக்கவும் அந்தச் சமயத்தை நாடியிருப்பார்கள் என்பது அந்த எண்ணில் தெரியாது.

பொறியை வழிபடும் முயற்சியும் வரலாற்றில் உண்டு. அமெரிக்காவில் ஆவியுலக நம்பிக்கையாளரான ஜான் மர்ரே ஸ்பியர், 1853–54இல் மாசச்சூசெட்சின் லின் நகரில் செம்பாலும் துத்தநாகத்தாலும் ஒரு ‘புதிய இயக்கி’யைக் கட்டினார். அதற்கு உயிர் வரும், மனித குலத்தை மீட்கும் என்று எதிர்பார்த்தார். உயிர் வரவில்லை. ஸ்பியருக்கு வேண்டியிருந்தது பொறியாகவே இருக்கும் பொறி இல்லை என்பதுதான் இங்கே கவனிக்க வேண்டியது. அது பொறியாக இருப்பதை நிறுத்தும் கணத்துக்காகவே அவர் காத்திருந்தார். ஈ. எம். ஃபார்ஸ்டரின் 1909ஆம் ஆண்டுக் கதையில் பொறியை வணங்கும் மக்களும், அது தமக்குச் செவிசாய்ப்பதாக நம்பியே அதனிடம் மன்றாடுகிறார்கள்.

வேண்டுதல் இல்லாத வணக்கம்

இதுவரை சொன்னதிலிருந்து, பொறி செவிசாய்க்காது, ஆகவே அதை வழிபட முடியாது என்று முடிவுகட்டுவது அவசரம். செவிசாய்க்காததை வணங்கும் மரபுகள் உண்டு. சமணத்தின் தீர்த்தங்கரர் வரம் தருவதில்லை. அவருடைய குணங்களை நினைந்து அவற்றை நோக்கி நடப்பதே வழிபாடு. 1677இல் வெளியான ஸ்பினோசாவின் ‘அறவியல்’, கடவுளை நேசிப்பவர் கடவுள் தம்மைத் திரும்ப நேசிக்க வேண்டும் என்று முயல மாட்டார் என்கிறது. காலப்பொறிச் சமயத்துக்கு ஆதரவாகச் சொல்லக்கூடிய மிக வலிய வாதம் இதுதான். வளையாத ஒழுங்கின் முன் வியப்பும் ஒப்படைப்புமே அதன் பக்தி.

அப்படியானால் அந்தப் பக்தர் எந்தக் குணத்தை நோக்கி நடப்பார்? தீர்த்தங்கரரிடம் அகிம்சையும் பற்றின்மையும் உண்டு. பொறியிடம் உள்ளது தவறாமை. அதைப் பின்பற்றும் அறம் நேரந்தவறாமை ஆகிவிடுகிறது. 1923இல் சோவியத் நாட்டில் கெர்ஷென்செவ் தொடங்கிய ‘கால சங்க’த்தின் உறுப்பினர்கள் தம் நேரம் செலவாவதை அட்டைகளில் குறித்துவைத்தார்கள். சமயமாக அது தன்னைச் சொல்லிக்கொள்ளவில்லை. அன்றாட ஆன்ம சோதனையின் வடிவம் மட்டும் அப்படியே இருந்தது. ஈ. பி. தாம்சன் 1967இல் எழுதிய கட்டுரை, இங்கிலாந்தின் ஆலைகளில் கடிகார ஒழுக்கம் எப்படி அறமாகவே போதிக்கப்பட்டது என்று காட்டியது. தொழிலாளி கடிகாரத்துக்குப் பணிந்தார். கடிகாரம் முதலாளியின் சுவரில் இருந்தது. இந்த அபாயத்தைப் பேசாத எந்தக் காலப்பொறிச் சமயத்தையும் நான் ஐயத்தோடுதான் பார்ப்பேன்.

லூயிஸ் மம்ஃபோர்டு 1934இல், நவீனத் தொழில் யுகத்தின் திறவுகோல் எந்திரம் நீராவி இயந்திரம் இல்லை, கடிகாரமே என்றும், அதன் ஒழுங்கு மடாலயங்களின் மணி வழிபாட்டில் பிறந்தது என்றும் எழுதினார். அவர் சொன்னதை ஏற்றால், வழிபாடு பொறியைப் பெற்றது, பொறி பின்னர் வழிபாட்டைத் தின்றது. வணிகர்களின் தேவையே முதன்மை என்று கருதுவோரும் உள்ளனர். மடாலயத்தின் பங்கைக் கூட்டிச் சொல்லிவிட்டார் என்ற குறை மம்ஃபோர்டுக்கு உண்டு.

எங்கும் இல்லாத கடிகாரம்

அத்தகைய சமயம் இன்று தோன்றினால் எந்தப் பொறியைக் கருவறையில் வைக்கும்? 1967 முதல் ஒரு நொடி என்பது சீசியம் அணுவின் 9,192,631,770 அதிர்வுகள். உலகப் பொது நேரத்தைப் பாரிசுக்கு அருகே செவ்ர் நகரில் உள்ள அனைத்துலக எடை, அளவுகள் பணியகம் கணிக்கிறது. ஏறத்தாழ 80 ஆய்வுக்கூடங்களின் 400க்கும் மேற்பட்ட அணுக் கடிகாரங்கள் அனுப்பும் தரவுகளின் சராசரி அது. புதுதில்லியின் தேசிய இயற்பியல் ஆய்வகமும் அதில் பங்கேற்கிறது. முடிவு பின்னரே கணித்து வெளியிடப்படுவதால், அந்த நேரத்தை இக்கணத்தில் முழுச் சரியாகக் காட்டும் கடிகாரம் உலகில் எங்கும் இல்லை.

அதோடு, பூமியின் சுழற்சி சீராக இல்லை. 1972 முதல் 2016 வரை 27 முறை ஒரு நொடியைச் செருகி அணு நேரத்தைப் பூமியோடு இணக்கிவந்தார்கள். 2035க்குள் இந்த ஏற்பாட்டைக் கைவிடலாம் என்று 2022 நவம்பரில் நாடுகளின் மாநாடு முடிவெடுத்தது. சூரியனை விட்டு எவ்வளவு விலகலாம் என்பது பேச்சுவார்த்தையில் தீர்மானமாகிறது. மனிதர் கைபடாத ஒழுங்கு என்ற பொருளில் காலப்பொறியை வணங்க வருபவர், திரையை விலக்கினால் காண்பது ஒரு குழுவின் கூட்டக் குறிப்பை.

தீராமல் நிற்பவை

காலம் தெய்வமாக இருந்த இடங்களில் அதற்கு முகமும் விருப்பமும் இருந்தன. அது பொறியாக விளக்கப்பட்ட இடங்களில் தெய்வத்தன்மை வேறிடம் போய்விட்டது. கிடைக்கும் சான்றுகள் இந்தப் பக்கமே சாய்கின்றன. ஆனால் இதை விதியாக நிறுவப் போதிய சான்று இல்லை. காலசிந்தகர் என்ன வழிபட்டார்கள், எதையேனும் வழிபட்டார்களா என்பது தெரியவில்லை. எதிரிகளின் எழுத்துக்கு வெளியே சுர்வானுக்கு உரிய சடங்குச் சான்று கிடைத்தால் ஷாகெட்டின் மறுப்பு ஆட்டம் காணலாம். மாயர் பற்றிய தீர்ப்பு ஒருமுறை தலைகீழானது. அரசர்களின் பெயர்களைப் படித்துவிட்ட மகிழ்ச்சியில், எரிக் தாம்சன் கண்ட சுமைதூக்கிகளின் பக்தியை இன்றைய ஆய்வு குறைத்து மதிப்பிடுகிறதோ என்று கேட்பதற்கு இடமுண்டு.

கேட்பவரே இல்லாத ஒன்றின் முன் துக்கத்தை வைக்க முடியுமா என்பதே மிகக் கடினமான கேள்வியாக எஞ்சுகிறது. ஸ்பினோசா முடியும் என்பார். திருக்கடையூருக்கு வரும் குடும்பங்கள், தாம் வருவதாலேயே, முடியாது என்று சொல்கின்றன. கிசே நாள் கணிப்போர் இரண்டுக்கும் நடுவே நிற்கிறார்கள்: இன்றைய நாள் கேட்காவிட்டால், நாளைய நாள் வேறொருவர்.